சிரிப்புக் காட்சியில் வரும் கறுத்த பெண்ணைப் பற்றி வகுப்பில் எப்படிப் பேசுவது?

தமிழாசிரியை, தென்மாவட்டம்

அனைவருக்கும் வணக்கம். மேல்நிலை வகுப்புகளுக்குப் பதினான்கு ஆண்டுகளாகத் தமிழ் கற்பித்து வருகிறேன். வெள்ளிக்கிழமை கடைசிப் பாடவேளையில் பாடநூலுக்கு வெளியிலிருந்து ஒரு சங்கப் பாடலைப் பிள்ளைகளுக்குச் சொல்வது என் வழக்கம். சென்ற வாரம் புறநானூற்றின் 112ஆம் பாடலை எடுத்துக்கொண்டேன். தந்தையையும் பறம்பு மலையையும் பறிகொடுத்த இரண்டு பெண்கள், அந்த மாதத்து வெண்ணிலவையும் இந்த மாதத்து வெண்ணிலவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கும் பாடல் அது. ஐந்தே அடிகள்தாம். 'எந்தையும் இலமே' என்ற கடைசி அடியை இத்தனை ஆண்டுகளில் ஒருமுறைகூட என்னால் குரல் தழுதழுக்காமல் சொல்ல முடிந்ததில்லை.

பாடலைத் தொடங்கும் முன், இவர்கள் பாரியின் மக்கள், இவர்களை அங்கவை, சங்கவை என்று வழங்குவார்கள் என்று சொன்னேன். சொன்ன மறுகணமே வகுப்பு முழுவதும் சிரித்தது. பின்வரிசையிலிருந்து ஒருவன் 'வாங்க பழகலாம்' என்றான், சிரிப்பு இரட்டித்தது. இரண்டாம் வரிசையில் சுவரோரம் உட்கார்ந்திருந்த கறுத்த நிறமுள்ள ஒரு மாணவியை நோக்கி நான்கைந்து தலைகள் திரும்பின. அவள் நிமிரவே இல்லை. குறிப்பேட்டின் மூலையை மடிப்பதும் விரலால் நீவி விரிப்பதுமாக இருந்தாள். எட்டாம் வகுப்பிலிருந்தே அவளை அந்த இரண்டு பெயர்களில் ஒன்றைச் சொல்லித்தான் கூப்பிடுகிறார்கள் என்பதை, மணி அடித்த பிறகு இன்னொரு பெண் வந்து சொல்லித்தான் அறிந்தேன்.

2007இல் வெளிவந்த 'சிவாஜி' படத்தின் அந்தக் காட்சியை இங்கே அறியாதவர்கள் குறைவு. ஒரு தந்தை அங்கவை, சங்கவை என்று பெயருள்ள தம் இரண்டு பெண்களை நாயகனுக்கு அறிமுகப்படுத்துகிறார். கருமை பூசப்பட்ட முகங்களோடு அவர்கள் வந்து நிற்கிறார்கள். அவர்கள் எதையும் செய்ய வேண்டியதில்லை. வந்து நின்றாலே நாம் சிரித்துவிட வேண்டும் என்பதே அந்தக் காட்சியின் அமைப்பு. படம் வந்தபோது என் வகுப்புப் பிள்ளைகள் ஒருவரும் பிறந்திருக்கவில்லை. ஆனாலும் தொலைக்காட்சி மறு ஒளிபரப்பும் கைப்பேசித் துணுக்குகளும் வழியாக அந்தக் காட்சி அவர்களிடம் முழுமையாக வந்து சேர்ந்திருக்கிறது. பாரியும் கபிலரும் வந்து சேரவில்லை.

அந்தப் படத்தைத் திரையரங்கில் பார்த்தபோது நானும் சிரித்தேன் என்பதை மறைக்க விரும்பவில்லை. அதனால்தான் பிள்ளைகளைக் கடிந்துகொள்ள என் மனம் ஒப்பவில்லை. 'இப்படிச் சிரிப்பது தவறு' என்று ஒரு வரியில் சொல்லி முடித்தால் என் முன்னால் சிரிப்பதை மட்டும் நிறுத்துவார்கள். மட்டமான நகைச்சுவை என்று நாம் பொதுவாகச் சொல்வதெல்லாம் ஒரே வகைதானா? எதை எதிர்க்க வேண்டும், எதை விட்டுவிடலாம் என்று பதினாறு வயதுப் பிள்ளைகளுக்கு எப்படிப் பிரித்துக் காட்டுவது? அனுபவமுள்ளவர்கள் சொல்லுங்கள்.

விசைத்தறிக்காரர், பல்லடம் வட்டாரம்

அம்மா, வணக்கம். அந்த மாணவிக்கு நேர்ந்ததை நினைத்தால் வருத்தமாக இருக்கிறது. அதில் எனக்கு மறுபேச்சு இல்லை. ஆனால் 'மட்டமான நகைச்சுவை' என்ற சொல் பொதுவெளியில் எழும்போதெல்லாம் முதலில் அடி விழுவது கவுண்டமணி, செந்தில் காட்சிகளின்மேல் என்பதால் சிலவற்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது.

எனக்கு வயது ஐம்பத்தெட்டு. தறி ஓடும் சத்தத்தில் பேசிப் பழகியவன். எங்கள் தறிக்கூடத்தில் ஒருவரை ஒருவர் கூப்பிடுவதே வசவாகத்தான் இருக்கும். அதில் பகை இருக்காது. மாலையில் அதே ஆள்தான் நமக்குத் தேநீர் வாங்கித் தருவார். அந்தப் பேச்சு, அந்தக் கொங்கு இழுப்பு, முதலாளியையும் அரசியல்வாதியையும் நின்ற இடத்தில் வைத்துக் கேள்வி கேட்கும் அந்தத் துடுக்கு, இவையெல்லாம் திரையில் வந்தபோது எங்களை யாரோ ஒருவர் முதல்முறையாகச் சரியாகக் கேட்டிருக்கிறார் என்று தோன்றியது. அதைக் 'கொச்சை' என்று ஒதுக்கியவர்களில் பலருக்கு உண்மையில் பிடிக்காதது நகைச்சுவையல்ல, உழைக்கிறவன் பேசும் பேச்சு என்றே இன்றும் நம்புகிறேன்.

1989இல் வந்த 'கரகாட்டக்காரன்' படத்து வாழைப்பழக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டு பழம் வாங்கி வரச் சொன்னவர், 'ஒன்று இங்கே இருக்கிறது, இன்னொன்று எங்கே' என்று கேட்கிறார். கையில் இருக்கும் பழத்தையே காட்டி, அந்த இன்னொன்றுதான் இது என்கிறார் செந்தில். எத்தனை முறை கேட்டாலும் அதே பதில். வசவும் அடியும் வாங்குபவர் செந்தில்தான்; ஆனால் காட்சி முடியும்போது தோற்றிருப்பவர் கவுண்டமணி. அந்த வசவுகள் அனைத்தையும் எடுத்துவிட்டாலும் காட்சி நிற்கும், ஏனென்றால் சிரிப்பு அந்தக் கணக்கில் இருக்கிறது. 1991இல் வந்த 'சின்னத்தம்பி'யில் கவுண்டமணிக்கு மாலைக்கண். பொழுது சாய்ந்தால் பார்வை போய்விடும் என்பதை ஊருக்குத் தெரியாமல் மறைக்க அவர் படும் பாட்டுக்குத்தான் நாம் சிரிக்கிறோம். மறைக்க நினைப்பதைப் புரிந்துகொள்ளாதவர் உண்டா?

ஆகவே பேச்சு முரடாக இருப்பதையும் ஒரு மனிதரை இழிவு செய்வதையும் பிள்ளைகள் ஒன்றாக எண்ணிவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். சுத்தமான தமிழில், ஒரு கெட்ட வார்த்தைகூட இல்லாமல், ஒரு பெண்ணைக் கூனிக் குறுகச் செய்ய முடியும். நீங்கள் சொன்ன காட்சியே அதற்குச் சான்று.

முன்னாள் உதவி இயக்குநர், சென்னை

ஆறு ஆண்டுகள் உதவி இயக்குநராகவும் சில படங்களில் வசன உதவியாளராகவும் வேலை பார்த்தவன் என்ற முறையில், இவை எப்படி உருவாகின்றன என்பதைச் சொன்னால் ஆசிரியைக்குப் பயன்படலாம்.

நம் படங்களில் நெடுங்காலமாகக் கதையை ஒருவர் எழுதுவார், காமெடி டிராக்கை வேறொருவர் எழுதுவார். கவுண்டமணி, செந்தில் இணைக்குப் பல பகுதிகளை எழுதிய ஏ. வீரப்பன் போன்றவர்கள் அதையே ஒரு தனித் தொழிலாக வளர்த்தவர்கள். அவர்களுடைய காட்சிகளுக்குத் தொடக்கமும் முடிச்சும் திருப்பமும் இருந்தன. பிற்காலத்தில் நான் வேலை செய்த இடங்களில் அந்த எழுத்து மெலிந்துபோயிருந்தது. நகைச்சுவை நடிகர் நான்கு நாள் கால்ஷீட் கொடுத்திருப்பார். தாளில் ஒரு சூழல் மட்டும் இருக்கும். பேச வேண்டியதை அங்கேயே நின்று உருவாக்க வேண்டும். அப்போது எதிரே நிற்பவரின் உடம்புதான் முதலில் கைக்குக் கிடைக்கும். குண்டாக இருந்தால் ஒரு கவுண்டர், அதாவது வெடுக்கென்ற கேலிப் பேச்சு, கறுப்பாக இருந்தால் ஒரு கவுண்டர், பல் நீண்டிருந்தால் ஒன்று, தலையில் முடி இல்லாவிட்டால் ஒன்று. யோசிக்கவே வேண்டாம்.

ஒரு படப்பிடிப்பு இன்னும் என் கண்ணுக்குள் நிற்கிறது. பருத்த உடல்வாகுள்ள ஒரு துணை நடிகையை ஒரே ஒரு காட்சிக்காக அழைத்திருந்தோம். அவர் கதவைத் திறந்து வர வேண்டும், நாயகனின் நண்பர் பயந்து பின்வாங்க வேண்டும், அவ்வளவுதான். ஒத்திகையின்போது அவர் என்னிடம் வந்து, 'தம்பி, நான் எதுவும் பேச வேண்டாமா?' என்று கேட்டார். வேண்டாம் என்றேன். வீட்டிலிருந்து ஒரு பட்டுப்புடவை கொண்டுவந்திருந்தார், உடுத்திக்கொள்ளலாமா என்று கேட்டார். அதற்கும் நான்தான் இயக்குநரைக் கேட்டுவந்து, வேண்டாம், இறுக்கமான உடைதான் வேண்டும் என்று சொன்னேன். ஐந்தாவது டேக்கில் ஓகே ஆனது. மொத்த யூனிட்டும் சிரித்தது. அவர் மானிட்டர் பக்கம் வந்து பார்க்காமல் கூலியை வாங்கிக்கொண்டு போய்விட்டார். அந்தச் சிரிப்பை உருவாக்கிய கைகளில் என் கையும் ஒன்று என்ற உறுத்தல் இன்றுவரை போகவில்லை.

தறிக்காரர் ஐயா சொன்னதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். அந்தக் காட்சியில் சிரிப்புக்கு ஆளாகிறவர் திரும்பப் பேச முடிகிறதா என்று பிள்ளைகளைப் பார்க்கச் சொல்லுங்கள். செந்தில் பேசுகிறார். 2003இல் வந்த 'வின்னர்' படத்தில் வடிவேலு நடித்த கைப்புள்ள அடி வாங்கி வந்த பிறகும் வீறாப்பாகப் பேசிக்கொண்டே இருக்கிறார். அவருக்கு ஒரு ஆசையும் ஒரு கர்வமும் உண்டு, அவை உடைவதுதான் வேடிக்கை. 'சிவாஜி'யிலேயே நாயகன் தன் கறுப்பு நிறத்தை நினைத்துக் கவலைப்படுவதும் வெளுக்க முயல்வதும் வருகின்றன. அங்கே நாம் அவரோடு சேர்ந்து சிரிக்கிறோம், அவர் பக்கம் நிற்கிறோம். அதே நிறம் கொண்ட அந்த இரண்டு பெண்களின் பக்கம் நிற்பதற்குப் படம் நமக்கு ஒரு நொடிகூடத் தரவில்லை.

திருநங்கை, சமூகப் பணியாளர், மதுரை

பேசுவதற்கு வாய்ப்பே தரப்படாதவர்களைப் பற்றி மேலே படித்ததால் எழுதுகிறேன். என்னைப் போன்றவர்கள் தமிழ்ப் படங்களில் தலைமுறை தலைமுறையாக அப்படித்தான் வந்திருக்கிறோம். கையைத் தட்டிக்கொண்டு ஒருவர் வருவார், நாயகனின் நண்பர் தெறித்து ஓடுவார். 'ஒன்பது' என்ற எண்ணை ஒருவரின் முகத்துக்கு நேரே வசவாகச் சொல்லலாம் என்பதை இந்த மாநிலத்துப் பையன்களுக்குப் பள்ளிக்கூடம் சொல்லித் தரவில்லை.

2008இல் தமிழ்நாடு அரசு எங்களுக்கென நல வாரியம் அமைத்தது. இந்தியாவிலேயே அதுதான் முதல். 2014 ஏப்ரல் 15 அன்று உச்ச நீதிமன்றம் எங்களை மூன்றாம் பாலினமாக ஏற்றுத் தீர்ப்பளித்தது. அந்தத் தீர்ப்பு வந்து ஒன்பது மாதங்கள் ஆனபோது, 2015 பொங்கலுக்கு 'ஐ' வெளிவந்தது. அதில் ஒப்பனைக் கலைஞராக வரும் பாத்திரம் ஒரு திருநங்கை. நடித்தவரும் தம் வாழ்விலும் அந்தத் தொழிலைச் செய்யும் திருநங்கைதான். அந்தப் பாத்திரம் நாயகனை விரும்புகிறது. நாயகனும் நண்பரும் அதை அருவருப்பாகக் கேலி செய்கிறார்கள். பிறகு அந்தப் பாத்திரம் பழிவாங்கும் கூட்டத்தில் ஒருவராகிறது. படத்தைக் கண்டித்துச் சென்னையில் தணிக்கை வாரிய அலுவலகத்தின் முன் எங்கள் சமூகத்தினர் திரண்டு போராடினார்கள்.

என் அனுபவம் வேறொரு படத்தைச் சேர்ந்தது. அக்காவோடும் அவள் பிள்ளைகளோடும் போயிருந்தேன். குடும்பம் என்னை மறுபடியும் ஏற்றுக்கொண்ட பிறகு நாங்கள் சேர்ந்து போன முதல் படம் அதுதான். இடைவேளைக்குச் சற்று முன்னால் அப்படி ஒரு காட்சி வந்தது. அரங்கம் அதிர்ந்தது. சின்னவனும் சிரித்தான், அவனுக்கு ஏழு வயது, எல்லோரும் சிரித்ததால் சிரித்தான். அடுத்த நிமிடம் இடைவேளைக்கு விளக்குப் போட்டார்கள். முன்வரிசையில் இருந்தவர்கள் எழுந்து திரும்பியபோது முதலில் கண்ணில் பட்டது நான். அவர்களில் இரண்டு பேர் வாயைப் பொத்திக்கொண்டார்கள். அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டு, 'போயிரலாமா?' என்று கேட்டாள். நாங்கள் போகவில்லை. மீதிப் படத்தில் என்ன நடந்தது என்று எனக்கு நினைவில்லை.

டீச்சர், உங்களிடம் ஒரு வேண்டுகோள். சிரித்த பிள்ளைகளுக்கு விளக்கம் சொல்வதற்காக அந்த மாணவியை எடுத்துக்காட்டாக நிறுத்திவிடாதீர்கள். 'பாருங்கள், இவளுக்கு எவ்வளவு வலித்திருக்கும்' என்று ஒரு வார்த்தை சொன்னாலும் அவள் இரண்டாம் முறை காட்சிப் பொருளாகிவிடுவாள். நான் படித்த காலத்தில் நல்லெண்ணத்தோடு ஓர் ஆசிரியர் எனக்காக அப்படிப் பேசினார். மறுநாளிலிருந்து நான் பள்ளிக்குப் போகவில்லை.

வழக்குரைஞர், திருச்சி

எனக்குத் திக்குவாய் உண்டு. பள்ளியில் 'கீறல் விழுந்த ரெக்கார்டு' என்பார்கள். ஆகவே சட்டத்தோடு என் அக்கறையும் இதில் கலந்திருக்கிறது.

விதிகள் இல்லாமல் இல்லை. திரைப்படச் சான்றிதழுக்காக 1991 டிசம்பரில் ஒன்றிய அரசு வெளியிட்ட நெறிமுறைகளிலேயே, பெண்களை இழிவுபடுத்தும் காட்சிகள், உடல் அல்லது மனக் குறைபாடு உள்ளவர்களைக் கேலிசெய்யும் காட்சிகள், கீழ்த்தரமான உணர்வைத் தூண்டும் இரட்டை அர்த்தச் சொற்கள் ஆகிய மூன்றும் குறிப்பிடப்பட்டிருக்கின்றன. மேலே பேசப்பட்ட 2007, 2015 ஆண்டுப் படங்கள் இரண்டும் அந்த நெறிமுறைகள் நடப்பில் இருந்தபோது சான்றிதழ் பெற்றவைதாம். வசவுச் சொல் ஒன்று வந்தால் ஒலியை நீக்கச் சொல்வது எளிது. ஒரு காட்சி முழுவதும் ஒருவருடைய நிறத்தின்மேல் கட்டப்பட்டிருந்தால் எந்த இடத்தில் கத்தரிப்பது? தணிக்கையால் இதைச் சரிசெய்துவிடலாம் என்ற நம்பிக்கை எனக்கு இல்லை.

வகுப்பில் பயன்படக்கூடியது 2024 ஜூலை 8 அன்று உச்ச நீதிமன்றம் வழங்கிய ஒரு தீர்ப்பு. 'ஆங்க் மிச்சோலி' என்ற இந்திப் படத்தில் மறதி நோயுள்ள தந்தை, காது கேளாத ஒருவர், திக்கிப் பேசும் ஒருவர், மாலைக்கண் உள்ள பெண் ஆகியோரைக் கேலிப்பொருளாகக் காட்டியிருப்பதாக, மாற்றுத்திறனாளியான நிபுண் மல்ஹோத்ரா வழக்குத் தொடுத்தார். திக்கிப் பேசுபவரை அதில் 'சிக்கிக்கொண்ட கேசட்' என்று சொல்கிறார்கள். அதைப் படித்தபோது என் பள்ளி நாட்கள் அப்படியே திரும்பி வந்தன. நீதிமன்றம் படத்தைத் தடைசெய்யவில்லை. குறைபாட்டோடு வாழும் அனுபவத்தைப் புரியவைக்கும் நகைச்சுவை வேறு, அந்த மனிதரையே தாழ்த்தும் நகைச்சுவை வேறு என்று பிரித்துக் காட்டியது. அவர்களைப் பற்றிய சித்திரிப்பில் அவர்களையும் கலந்துகொள்ள வேண்டும் என்றும் நெறிப்படுத்தியது. 'சின்னத்தம்பி'யின் மாலைக்கண் காட்சிகளில் சில முதல் வகையிலும் சில இரண்டாம் வகையிலும் விழும் என்பது என் கருத்து. அதை மாணவர்களையே பிரித்துப் பார்க்கச் சொல்லலாம்.

விசைத்தறிக்காரர், பல்லடம் வட்டாரம்

வழக்குரைஞர் சொன்னதை இரண்டு நாள் யோசித்தேன். என் முதல் பதிவிலிருந்து ஒன்றை நான் திருத்திக்கொள்ள வேண்டும். வசவுகள் அனைத்தும் தறிக்கூடத்து நட்புப் பேச்சைப் போன்றவைதாம் என்ற பொருளில் எழுதிவிட்டேன். கவுண்டமணி திட்டும் 'கோமுட்டித் தலையா' என்பதை நானே நூறு பேரிடம் சொல்லிச் சிரித்திருக்கிறேன். கோமுட்டி என்பது ஒரு சாதியின் பெயர் என்பதை எங்கள் ஊர் மளிகைக் கடைக்காரர், அந்தச் சாதியைச் சேர்ந்தவர், ஒருநாள் கணக்கு எழுதிக்கொண்டே மெதுவாகச் சொன்னார். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. அன்றிலிருந்து அந்தச் சொல்லை நான் எடுப்பதில்லை. வாழைப்பழத்துக்கு இன்றும் சிரிக்கிறேன்.

தமிழாசிரியை, தென்மாவட்டம்

இத்தனை பேர் நேரம் ஒதுக்கி எழுதியதற்கு நன்றி. மதுரையிலிருந்து எழுதிய தோழி, உங்கள் வேண்டுகோளைப் படித்தபோது நான் செய்யவிருந்த தவறு கண்முன் வந்து நின்றது. அந்த மாணவியை அழைத்து எல்லோர் முன்பும் ஆறுதலாகப் பேச வேண்டும் என்றுதான் எண்ணியிருந்தேன். அதைக் கைவிட்டுவிட்டேன்.

நீங்கள் அனைவரும் பிரித்துக் காட்டியதை நம் இலக்கணமே ஓரளவு பிரித்திருக்கிறது என்பது எழுத எழுதத்தான் நினைவுக்கு வந்தது. நகை பிறக்கும் இடங்கள் என்று தொல்காப்பியம் எள்ளல் (கேலி), இளமை, பேதைமை (அறியாமை), மடன் (கொண்டதை விடாமை) என நான்கைச் சொல்கிறது. வாழைப்பழக் காட்சி பேதைமை. கைப்புள்ளயின் வீறாப்பில் பேதைமையும் எள்ளலும் கலந்திருக்கின்றன. ஆனால் அங்கே எள்ளப்படுவது ஒருவர் தாமே ஏற்றிக்கொண்ட கர்வம். அங்கவை, சங்கவை காட்சியில் எள்ளல் மட்டுமே இருக்கிறது. எள்ளப்படுவதோ அவர்கள் செய்த எதுவும் இல்லை, பிறந்த நிறம். பிள்ளைகளுக்குப் பிடித்த ஐந்து காட்சிகளை அவர்களையே எழுதிவரச் சொல்லப்போகிறேன். ஒவ்வொன்றிலும் சிரிப்பு இந்த நான்கில் எதிலிருந்து வருகிறது, சிரிப்புக்கு ஆளாகிறவர் திரும்பப் பேசுகிறாரா என்ற இரண்டு கேள்விகளுக்கு மட்டும் அவர்கள் பதில் எழுதினால் போதும். அந்தப் படத்தின் பெயரை நான் எடுக்கமாட்டேன். அவர்களாகவே எழுதினால் அங்கிருந்து பேசிக்கொள்ளலாம்.

புறநானூற்றுப் பாடலையும் வரும் வெள்ளிக்கிழமை மீண்டும் எடுக்கிறேன். பாடலின் அடிக்குறிப்பில் பாரிமகளிர் என்று மட்டுமே இருக்கிறது. அந்த இரண்டு பெயர்களும் பிற்காலத்து வழக்கில் வந்து சேர்ந்தவை. இந்த முறை பெயர் சொல்லாமல் நிலவிலிருந்து தொடங்குவேன். ஐந்து அடிகளையும் படித்து முடித்து, மலை யாருடையது, முரசு யாருடையது, தந்தை எங்கே என்று அவர்களே கேட்ட பிறகு பெயர்களைச் சொல்கிறேன்.